கொண்டுவிற்கச் சென்றோர்

காரைக்குடியை நடுவாகக் கொண்ட செட்டிநாட்டில் வலையபட்டி என்பது நகரத்தார் வாழும் ஊர்களுள் ஒன்று. வற்றாத ஆறு பாயாத நிலப்பகுதி அது. மழையை நம்பிய கண்மாயும், குடிநீருக்கு ஓர் ஊருணியும், சரளைக் கல் நிறைந்த செம்மண்ணுமே இப்பக்கத்து ஊர்களுக்கு இயற்கை அளித்த செல்வம். இத்தகைய மண்ணில் தெருவுக்குத் தெரு அரண்மனை போன்ற வீடுகள் ஓங்கி நிற்பதைக் காணும் புதியவர், இவ்வறண்ட நிலம் இத்துணைப் பொருளை எவ்வாறு ஈன்றது என்று வியப்பர். நிலம் அதனை ஈனவில்லை. முகப்பில் நிற்கும் தேக்குத் தூண்கள் பர்மாக் காடுகளில் வளர்ந்தவை. பட்டாலையிற் பதித்த பளிங்கு இத்தாலியிலிருந்து வந்தது. இவற்றை வாங்கிய பணம் ரங்கூனிலும் மோல்மீனிலும், பினாங்கிலும் சிங்கப்பூரிலும், கொழும்பிலும் சைகோனிலும் ஈட்டப்பட்டது. ஈட்டிய ஆடவர் தாம் எழுப்பிய மாளிகையில் உறங்கிய இரவுகளினும், கடலுக்கு அப்பால் ஒரு பாயில் தனியே உறங்கிய இரவுகளே மிகுதி.

பொருள் தேடிக் கடல் கடந்து செல்வதை நகரத்தார் 'கொண்டுவிற்கப் போதல்' என்று வழங்கினர். பேச்சில் அது 'கொண்டுவிக்கப் போறது' என்று ஒலிக்கும். முன்னோர் உப்பும் நெல்லும் துணியும் கொண்டுபோய் விற்ற காலத்தில் எழுந்த சொல், பின்னர் அவர்கள் பணத்தையே பண்டமாகக் கொண்டு வட்டிக்கு விட்ட காலத்திலும் மாறாமல் நின்றது. 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அவர்கள் பர்மாவிலும் மலேயாவிலும் காலூன்றினர். பினாங்கில் 1857-லும் சிங்கப்பூர் டாங்க் சாலையில் 1859-லும் தண்டாயுதபாணிக்கு அவர்கள் கோயில் எடுத்தமையே அதற்குச் சான்று. 1869-இல் சூயசுக் கால்வாய் திறக்கப்பட்டபின் பர்மாவின் அரிசிக்கு ஐரோப்பியச் சந்தையில் விலை ஏறிற்று. காடு திருத்திக் கழனியாக்கிய பர்மியக் குடியானவனுக்கு முதல் வேண்டியிருந்தது. அவனுக்குக் கடன் கொடுக்க ஆங்கிலேயரின் வங்கிகள் முன்வரவில்லை, செட்டியார்கள் முன்வந்தனர். 1930-ஆம் ஆண்டளவில் பர்மாவில் மட்டும் அவர்களுக்கு ஏறத்தாழ 1,650 கடைகள் இருந்தன என்றும், அவற்றில் ஈடுபட்ட முதல் 75 கோடி ரூபாய் அளவினது என்றும் அக்காலத்து அரசாங்க விசாரணைக் குழு கணக்கிட்டது.

இவ்வெண்களை எடுத்துரைப்போர் பலர். அக்கடை ஒவ்வொன்றிலும் இருந்த மனிதன் எவ்வாறு இருந்தான் என்று வினவுவோர் சிலரே.

பண்டைத் தமிழ் நூலோர் இவ்வினாவை அறியாதவர் அல்லர். பொருள் தேடுதற்குத் தலைவன் பிரிந்து செல்வதைப் பொருள்வயிற் பிரிவு எனப் பெயரிட்டுப் பாலைத்திணைக்கு உரியதாக்கினர். கடல்வழிச் செலவு மகளிரை உடன்கொண்டு நிகழ்வதில்லை என்று தொல்காப்பியம் அகத்திணையியலில் வரையறுக்கின்றது. கல்வியின்பொருட்டுப் பிரியும் பிரிவு மூன்றாண்டினை மிகாது என்றும், வேந்தன் பொருட்டும் பிறவற்றின் பொருட்டும் பிரிவது ஓராண்டிற்கு உட்பட்டது என்றும் கற்பியல் காலம் வகுக்கின்றது. செட்டிநாட்டு ஆடவர் கல்விக்குரிய மூன்றாண்டினைப் பொருளுக்கு எடுத்துக்கொண்டனர் போலும்! அவர்கள் கடைக்குச் செல்லும் தவணை பெரும்பாலும் மூன்றாண்டே. ஒரு தவணை முடிந்தால் ஊர் திரும்பிச் சில காலம் தங்கி, மீண்டும் மறு தவணைக்குக் கப்பலேறுவர். இன்னொன்றும் ஈண்டு நோக்கத்தக்கது. அகப்பாடல்களில் தலைவியின் துயரைக் கேட்கத் தோழி இருக்கின்றாள், செவிலி இருக்கின்றாள். இடைவழியில் நிற்கும் தலைவனுக்கோ தன் நெஞ்சைத் தவிரப் பேச்சுத்துணை இல்லை. 'நெஞ்சிற்குச் சொல்லியது' என்று ஒரு துறையே வகுக்குமளவிற்கு ஆடவனது தனிமையை அவர்கள் உணர்ந்திருந்தனர்.

வலையபட்டி போன்றதோர் ஊரில், 1910-ஆம் ஆண்டளவில், நடுத்தரக் குடும்பத்தில் பிறந்த ஒரு சிறுவனை எண்ணிப் பார்ப்போம். திண்ணைப் பள்ளியில் அவன் எண்சுவடி கற்றான். ஒன்றை முந்நூற்றிருபது கூறாக்கிய முந்திரி முதலாகக் கீழ்வாய் இலக்கமெல்லாம் நாவில் தவழும்வரை ஓதினான். பதின்மூன்று, பதினான்கு வயதில் அவனுக்கு நாள் பார்த்தனர். பங்காளி ஒருவரின் கடையில், அல்லது உறவினர் ஒருவரின் கடையில், அவன் பெட்டியடிப் பையனாகச் சேர்க்கப்பட்டான். பணப்பெட்டியின் அருகில் அமர்ந்து ஏவிய வேலையைச் செய்பவன் பெட்டியடிப் பையன். தூசு தட்டுவதும், வெற்றிலை மடித்துக் கொடுப்பதும், கடன்காரர் வீட்டுக்கு நடப்பதும், இரவில் அன்றாடக் கணக்கைப் படியெடுப்பதும் அவன் வேலை. அவன் தேர்ந்தால் அடுத்தாள் ஆவான். அடுத்தாள் தேர்ந்தால் மேலாள் ஆவான்; மேலாளே கடையின் முழுப் பொறுப்பும் உடைய ஏஜண்டு. முதலாளியோ ஊரில் இருப்பார். தவணைக்குரிய சம்பளத்தையும் நிபந்தனைகளையும் சம்பளச் சீட்டில் எழுதிக் கையெழுத்திட்டு, ஒரு பகுதியை முன்பணமாகக் குடும்பத்திற்குக் கொடுத்துவிட்டுத்தான் ஆளைக் கப்பலேற்றுவார். எனவே, கப்பலேறும் கணத்திலேயே அவன் கடன்பட்டவன் ஆகிறான். உழைத்தே அதனைத் தீர்க்க வேண்டும். இடையில் திரும்ப இயலாது.

அவன் சென்று சேர்ந்த இடத்திற்குக் கிட்டங்கி என்று பெயர். கிடங்கு என்னும் சொல்லோடு உறவுடையது அது. நீண்டு ஒடுங்கிய ஒரு கூடம். குறுக்கே சுவர் கிடையாது. நடுவே நடைவழியும், இருமருங்கும் வரிசையாகக் கடைகளும் இருக்கும். கடை என்றால் தனி அறை அன்று. ஒரு பாய், மேற்புறம் சாய்ந்த ஒரு மரப்பெட்டி, சுவரோரம் ஒரு நிலைப்பேழை, ஓர் இரும்புப் பெட்டி: இவ்வளவே ஒரு கடை. இத்தகைய கடைகள் பல ஒரே கூரையின்கீழ் இருந்தன. பகலெல்லாம் சம்மணமிட்டு அமர்ந்து, சாய்வுப் பெட்டியின்மேல் பேரேட்டை விரித்து எழுதுவர். இரவில் அப்பெட்டிக்கு அருகிலேயே, அல்லது மாடியில், பாய் விரித்து உறங்குவர். பொதுவான சமையற்காரர் ஒருவர் உணவு ஆக்குவார். பெண்மக்களோ குழந்தைகளோ அங்கு வாழ்தல் இல்லை. தொட்டிலோசையோ, பிள்ளை அழும் குரலோ, வளையலொலியோ கேளாத வீடு அது. ரங்கூனில் மொகல் தெருவிலும், சிங்கப்பூரில் மார்க்கெட் தெருவிலும் இத்தகைய கிட்டங்கிகள் நிறைந்திருந்தன. லட்சக்கணக்கான ரூபாய் புழங்கிய கடையின் தலைவன், இரண்டு முழ அகலப் பாயில் தலைக்கு ஒரு சிறு திண்டை வைத்துக் கொண்டு துயின்றான் என்பதை அந்நாட்டு மக்களும் வியந்தனர். சிக்கனம் என்று சிலர் புகழ்ந்தனர். கஞ்சத்தனம் என்று சிலர் இகழ்ந்தனர். இரண்டும் முழு உண்மை அல்ல. தனக்கென ஓர் இடத்தை அமைத்துக் கொள்பவன் அங்கேயே வாழக் கருதியவன் ஆவான். இவர்களோ நாள்தோறும் பாயைச் சுருட்டினர்; சுருட்டிய பாய், தாம் இவ்வூரினர் அல்லர் என்பதை நாள்தோறும் அவர்களுக்கு நினைவூட்டியது.

நகரத்துக் கிட்டங்கியிலாவது பக்கத்துப் பாயில் ஒரு தமிழ்க் குரல் உண்டு. பெகு, பஸ்ஸீன் முதலிய பகுதிகளின் உட்புறச் சிற்றூர்களில் கிளைக்கடை வைத்திருந்தவர் நிலை இன்னும் கடுமையானது. மேலாள் ஒருவர், அடுத்தாள் ஒருவர், சமையலுக்கு ஒருவர் என இரண்டு மூன்று பேரே அங்கு இருப்பர். மழைக்காலத்தில் ஐராவதியின் கழிமுகம் முழுவதும் நீர்க்காடாகும். படகு வந்தால்தான் தபால். தபால் வந்தால்தான் ஊர்ச்செய்தி. பர்மிய மொழியை அவர்கள் கற்றனர். கடன் கேட்க வந்த குடியானவனோடு அவன் மொழியிலேயே பேசினர். ஆயினும், அம்மொழியில் அவர்கள் பேசியது நெல்லின் விலையும் வட்டியின் அளவுமே. நெஞ்சில் உள்ளதைச் சொல்லக் கற்ற மொழி ஊரில் இருந்தது. அதைக் கேட்போரும் ஊரில் இருந்தனர். சிலர் அந்நாட்டிலேயே இன்னொரு குடும்பத்தை அமைத்துக் கொண்டதும் உண்டு. அதனால் இரு கரையிலும் கண்ணீர் பெருகியதே அல்லாமல் தனிமை தீர்ந்ததாகச் சொல்வதற்கில்லை.

அவர்கள் எழுதிய கடிதங்களை நோக்கினால் ஓர் உண்மை புலனாகும். தலைப்பில் பிள்ளையார் சுழி; அதனை அடுத்துச் சிவமயம் அல்லது முருகன் துணை. பிறகு வரவு, செலவு, நடப்பு வட்டி, தவணை வட்டி, வராக்கடன், உண்டியல் விவரம் என்று பக்கம் பக்கமாகச் செய்தி செல்லும். முந்திரி அளவும் பிசகாத கணக்கு அது. தன்னைப் பற்றி எழுத வேண்டிய இடத்தில் மட்டும், 'இவ்விடம் க்ஷேமம், அவ்விடம் க்ஷேமத்திற்கு எழுதவும்' என்ற வாய்பாடு ஒன்றே இருக்கும். காய்ச்சலில் பத்து நாள் கிடந்தவனும் அதையே எழுதினான். தாய் இறந்த செய்தி கப்பலில் வந்து சேர்வதற்குள் கருமாதியும் முடிந்துபோக, கடையின் பின்கட்டில் தலைமுழுகிவிட்டுப் பெட்டியடிக்குத் திரும்பியவனும் அதையே எழுதினான். ஏன் அவ்வாறு எழுதினான்? தன் துயரை எழுதினால் ஊரிலுள்ளோர் கலங்குவர் என்பது ஒரு காரணம். மற்றொரு காரணமும் உண்டு. கடிதம் பெரும்பாலும் முதலாளி வழியாகவே போய்ச் சேரும். ஏஜண்டின் மனம் தளர்ந்தது என்று தெரிந்தால், அவன் கையில் உள்ள முதலுக்கு என்ன ஆகுமோ என்ற ஐயம் எழும். மறு தவணைக்கு அழைப்பு வராது. நாணயம் என்னும் சொல் தமிழில் காசையும் குறிக்கும், நம்பகத்தையும் குறிக்கும். நாணயத்தைக் காக்கவே அவர்கள் வாய் மூடியிருந்தனர். இவ்வடக்கத்தைப் பெருமை என்று போற்றுவது எளிது. பேசினால் பிழைப்புப் போகும் என்ற நிலையில் பேசாதிருந்தவனை, முற்றும் தன் விருப்பத்தால் பொறுத்தவன் என்று சொல்லிவிட முடியாது.

இத்தனிமைக்கு அவர்கள் கண்ட மருந்து கோயில் ஒன்றே. சென்ற ஊரெல்லாம் முருகனுக்குக் கோயில் எடுத்தனர். வாணிகத்தில் மகமை என்று ஒரு சிறு பங்கை ஒதுக்கி அதைக் கொண்டே பூசையும் விழாவும் நடத்தினர். வட்டி விகிதத்தை முடிவு செய்யக் கூடியதும் கோயிலிலேதான். வழக்குத் தீர்த்ததும் அங்கேதான். தைப்பூசத்தன்று வெள்ளி இரதம் புறப்படும்போது, ஆண்டெல்லாம் பேரேட்டில் குனிந்த தலைகள் நிமிரும். பாட்டும் காவடியுமாக அந்நாள் கழியும். மறுநாள் காலையில் மீண்டும் பாய், பெட்டி, பேரேடு.

ஊரில் என்ன நிகழ்ந்தது? நகரத்தாரிடையே வேறுவைத்தல் என்றொரு முறை உண்டு. திருமணமான மகனுக்கும் மருமகளுக்கும் அதே வீட்டில் தனி அடுப்பு அமைத்துத் தருவர். ஆண்டுக்கு இவ்வளவு என்று அவர்களுக்குரிய உணவுப்பொருளை அளந்து கொடுப்பர். கணவன் கப்பலேறிய பின் அவ்வடுப்பைத் தனியே காத்தவள் அவன் மனைவி. கொடுக்கல் வாங்கல், பிள்ளைகளின் படிப்பு, உறவின் நன்மை தீமை எல்லாம் அவள் தலையில் விழுந்தன. செட்டிநாட்டு ஆச்சிமாரின் திறமை இவ்வாறு வளர்ந்ததே. அவர்கள் துயரும் சிறிதன்று. ஆயினும் அவ்வளவில் பக்கத்து அடுப்பில் ஓரகத்தி இருந்தாள். இரண்டாங்கட்டில் மாமியார் இருந்தாள். சண்டையிடவேனும் ஆள் இருந்தது. மூன்றாண்டு கழித்துக் கணவன் திரும்பும்போது, அவன் சென்றபின் பிறந்த குழந்தை ஓடியாடித் திரியும். புதிய மனிதரைக் கண்டு அது தாயின் பின்னே ஒளிந்துகொள்ளும். அதனிடம் பர்மாப் பொம்மையை நீட்டியபடி அவன் நின்ற நிலையை எவரும் கணக்கில் எழுதவில்லை. குழந்தை பழகி மடியில் ஏறும் காலத்தில் மறு தவணைக்கு நாள் பார்ப்பர்.

1930-இல் உலகெங்கும் வாணிகம் முடங்கியது. அரிசி விலை பாதிக்கும் கீழாக வீழ்ந்தது. கடன் வாங்கிய பர்மியக் குடியானவனால் வட்டியும் கட்ட இயலவில்லை. ஈடாக எழுதிக் கொடுத்த நிலம் கடைகளுக்குச் சொந்தமாயிற்று. 1930-இல் கீழ்ப் பர்மாவின் முதன்மையான நெல் மாவட்டங்களில் நூற்றுக்கு 6 பங்கு நிலமே செட்டியார்களிடம் இருந்தது. 1937-க்குள் அது 25 பங்காக உயர்ந்தது. அவர்கள் விரும்பியது பணம். கையில் வந்ததோ, பயிரிடவும் விற்கவும் இயலாத நிலம். நிலத்தை இழந்தவனின் வயிற்றெரிச்சலும் உடன் வந்தது. தன் பாட்டன் காடு வெட்டித் திருத்திய வயலை இழந்து, அதே வயலில் குத்தகைக்கு உழுத பர்மியன் பொறுத்ததும் ஒரு பொறுமையே. அதை மறைத்து ஒருபக்கத்துப் பொறுமையை மட்டும் சொல்வது நடுவுநிலை ஆகாது. 1930-ஆம் ஆண்டு இறுதியில் எழுந்த சாயா சான் கிளர்ச்சியில் அச்சினம் வெளிப்பட்டது. உட்புறச் சிற்றூர்களில் தனித்திருந்த கடைக்காரர், இரவில் நாய் குரைத்தாலும் எழுந்து அமர்ந்தனர்.

1941-ஆம் ஆண்டு டிசம்பர் 23-ஆம் நாள் ரங்கூனில் ஜப்பானியர் குண்டு விழுந்தது. 1942 மார்ச்சில் நகரம் வீழ்ந்தது. கப்பலில் இடம் கிடைத்தோர் தப்பினர். ஏனையோர் அரக்கான் மலைகளையும் மணிப்பூர் எல்லையையும் நோக்கி நடந்தனர். நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர் பர்மாவை விட்டு வெளியேறினர் என்பர். பசியாலும் வாந்திபேதியாலும் மலைக்காய்ச்சலாலும் வழியில் மாண்டோர் பல்லாயிரவர். ரங்கூனில் 'ஜோதி' என்னும் இதழை நடத்திய வெ. சாமிநாத சர்மா தம் மனைவியாருடன் நடந்து வந்த அவ்வழியைப் பற்றிப் பின்னர் நூல் எழுதினார். கடைக்காரர்களில் அவ்வாறு எழுதியவர் அரியர். பேரேட்டை மூட்டையாகக் கட்டித் தலையில் சுமந்து வந்தோர் இருந்தனர். சோற்றுக்கு அரிசியை விட்டாலும் கணக்கை விடவில்லை. அக்கணக்கில் எழுதிய கடன் என்றேனும் வரும் என்று நம்பினர்.

அது வரவில்லை. 1948-இல் பர்மா விடுதலை பெற்றது. அவ்வாண்டிலேயே நிலத்தை நாட்டுடைமையாக்கும் சட்டம் இயற்றப்பட்டது. 1962-இல் படையாட்சி ஏற்பட்டது. 1963, 1964-ஆம் ஆண்டுகளில் வங்கிகளும் கடைகளும் நாட்டுடைமை ஆயின. எஞ்சியிருந்த தமிழர் பல்லாயிரவர் உடுத்த துணியோடு கப்பலில் சென்னை வந்து இறங்கினர். வாழ்நாள் முழுவதும் ஒரு பாயில் கிடந்து சேர்த்தவை ஒரு கையெழுத்தில் போயின. ஊர் திரும்பிய முதியோர் திண்ணையில் அமர்ந்தனர். தாம் வளர்க்காத பிள்ளைகள் வளர்ந்து ஆளாகியிருந்தனர். தாம் இல்லாமலே நடந்து பழகிய வீட்டில் அவர்களுக்கு விருந்தினர்க்குரிய மதிப்பு இருந்தது. வீட்டுக்காரர்க்குரிய வேலை இல்லை. விடியற்காலையில் எழுந்து குளித்து நீறு பூசிப் பழைய பேரேட்டை விரித்து, வாராத கடனுக்கு வட்டி கூட்டிப் பார்த்தவர்களும் அவர்களுள் இருந்தனர். அவர்களை ஊரார் நகையாடினர். அவர்கள் அதற்கும் ஒன்றும் சொல்லவில்லை.

இவ்வாழ்வைத் தமிழில் நாவலாக எழுதியவர் ப. சிங்காரம். அவர் செட்டியார் குலத்தவர் அல்லர். செட்டிநாட்டை அடுத்த சிங்கம்புணரியில் 1920-இல் பிறந்து, 1938-இல் இந்தோனேசியாவின் மேடான் நகருக்குச் சென்று கடை ஒன்றில் வேலை பார்த்தவர். அவர் மனைவியும் குழந்தையும் இறந்தனர். 1946-இல் நாடு திரும்பிய அவர் மதுரையில் நாளிதழ் ஒன்றில் பணிபுரிந்தார். ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் ஒரு விடுதி அறையில் தனியாகவே வாழ்ந்து 1997-இல் மறைந்தார். 'கடலுக்கு அப்பால்', 'புயலிலே ஒரு தோணி' என்னும் அவருடைய இரு நாவல்களிலும் பினாங்கும் மேடானும் அங்கு வாழ்ந்த தமிழ் இளைஞரும் உயிரோடு உலவுகின்றனர். தம்மைப் பற்றி மிகக் குறைவாகப் பேசிய அவர், தம்மைப் போன்றோரின் பேச்சையெல்லாம் அந்நூல்களில் நிரப்பிவைத்தார்.

மார்க்கெட் தெருக் கிட்டங்கிகள் இன்று இல்லை. அவை நின்ற இடத்தில் வானளாவிய கட்டடங்கள் நிற்கின்றன. சாய்வுப் பெட்டிகள் காரைக்குடிப் பழம்பொருள் கடைகளில் விலைக்குக் கிடக்கின்றன. செட்டிநாட்டு வீடுகள் பல ஆண்டில் பல மாதங்கள் பூட்டியே இருக்கின்றன. குடும்பங்கள் சென்னையிலும் வெளிநாட்டிலும் வாழ, காவலுக்கு அமர்த்திய முதியவர் ஒருவர் முகப்பைக் கூட்டிப் பெருக்கி, மாலையில் விளக்கேற்றிவிட்டுத் தனியே உண்டு படுக்கிறார்.

ஆனால், கப்பலுக்கு மாறாக விமானமேறும் இளைஞர்கள் இன்றும் இருக்கின்றனர். சிவகங்கை, புதுக்கோட்டை, இராமநாதபுரம் மாவட்டச் சிற்றூர்களிலிருந்து சிங்கப்பூருக்கும் வளைகுடா நாடுகளுக்கும் கட்டட வேலைக்குச் செல்வோர் பலர். இவர்களுள் உழவர் மக்களே மிகுதி. முகவருக்குக் கொடுத்த கடனை முதலிற் சில காலம் உழைத்துத் தீர்க்க வேண்டும். பழைய முன்பணம் போல இதுவும் காலைக் கட்டுகிறது. சிங்கப்பூரில் இத்தகைய தொழிலாளர் தங்கும் விடுதிகளில், ஓர் அறைக்குப் பத்து, பன்னிரண்டு பேராக அடுக்குக் கட்டிலில் உறங்குகின்றனர். 2020-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் கொரோனாத் தொற்று அவ்விடுதிகளிற் பரவியபோது, மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டோர் வெளியே செல்ல இயலாமல் மாதக்கணக்கில் அவற்றுள் அடைபட்டிருந்தனர். அவ்வாண்டில் அவர்களது மனத்துயர் செய்தித்தாள்களில் முதன்முறையாகப் பெரிதாகப் பேசப்பட்டது. தமிழில் பேசி ஆறுதல் கூறத் தொண்டர்கள் தொலைபேசியில் அமர்ந்தனர். அழைத்தவர்களுட் பலர், தொடக்கத்தில் உணவைப் பற்றியும் சம்பளத்தைப் பற்றியுமே வினவினர். தம்மைப் பற்றிப் பேசத் தொடங்க அவர்களுக்கு நேரமாயிற்று.

இன்று கைப்பேசியில் முகம் தெரிகிறது. இரவு வேலை முடிந்து, குளித்து, நல்ல சட்டை ஒன்றை அணிந்துகொண்டு, அடுக்குக் கட்டிலும் காயும் துணிகளும் தெரியாதபடி சுவரோரம் ஒதுங்கி நின்று ஊருக்கு அழைக்கிறான் ஒருவன். கையில் பட்ட காயத்தின் கட்டைக் கண்ணாடிக்குக் கீழே தாழ்த்திக் கொள்கிறான். "சாப்பிட்டாயிற்றா?" என்று மனைவி கேட்கிறாள். "ஆயிற்று" என்கிறான். "உடம்பு எப்படி இருக்கிறது?" என்கிறாள். "நன்றாக இருக்கிறது, பிள்ளையைக் காட்டு" என்கிறான்.